பத்தாங் காலி: சட்டம் இருந்தும் வழக்கு இல்லாமல் போனது எப்படி?

மலேசியாவின் உலு சிலாங்கூரில் உள்ள பத்தாங் காலி, ரப்பர்த் தோட்டங்களை நம்பி வளர்ந்த பட்டணம். பால்மரங்கள் நின்ற இடங்களில் இன்று செம்பனையும் தாமான் எனப்படும் குடியிருப்புப் பகுதிகளும் பரவிவிட்டன. ஆனாலும் லயத்தில் பிறந்து வளர்ந்த தமிழ்க் குடும்பங்கள் சுற்றுவட்டாரத்தில் இன்னும் ஏராளம். 1948 டிசம்பரில் பக்கத்திலிருந்த சுங்கை ரெமோக் தோட்டத்தில் ஆயுதமற்ற 24 சீனத் தொழிலாளர்களைப் பிரிட்டிஷ் படையினர் சுட்டுக் கொன்ற செய்தி அவர்களுக்குப் புதிதல்ல. குழப்பமெல்லாம் அதற்குப் பின் நடந்தவற்றில்தான். சுட்ட வீரர்களில் சிலரே வாக்குமூலம் கொடுத்தார்கள். விவகாரம் லண்டன் உச்ச நீதிமன்றம் வரை போனது. ஆனால் ஒருவர்கூடக் குற்றவாளிக் கூண்டில் ஏறவில்லை. அப்படியானால் வெள்ளைக்காரப் பட்டாளத்துக்குச் சட்டமே கிடையாதா என்று கேட்பது நியாயமான கேள்விதான்.

இந்தக் கேள்வி பத்தாங் காலியோடு நிற்பதும் இல்லை. ஆப்கானிஸ்தானில் ஆஸ்திரேலியச் சிறப்புப் படையினர் 39 பேரைச் சட்டவிரோதமாகக் கொன்றதற்கு நம்பத்தகுந்த தகவல் இருப்பதாக அந்நாட்டு ராணுவ விசாரணையே 2020இல் சொன்னது. இலங்கை, காஸா, உக்ரைன் என்று செய்தி வரும்போதெல்லாம் அதே வாதங்கள் திரும்பத் திரும்ப வருகின்றன: "போர் என்றால் அப்படித்தான்", "மேலிடத்து உத்தரவு", "மறுத்திருந்தால் அவனையே சுட்டிருப்பார்கள்". ஒவ்வொன்றுக்கும் சட்டத்தில் பதில் இருக்கிறது.

பதிலின் சாரத்தை முதலிலேயே சொல்லிவிடலாம். படைவீரனைப் பொறுப்பாக்கும் சட்டம் 1948இலும் இருந்தது, இன்றும் இருக்கிறது. பத்தாங் காலியில் இல்லாமல் போனது விசாரணை. அதை நடத்தவேண்டிய அரசும், வீரர்களை அனுப்பிவைத்த அரசும் ஒன்றே என்பதுதான் அதற்குக் காரணம்.

அன்று நடந்தது

1948 ஜூனில் சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் தோட்டத் துரைமார்கள் கொல்லப்பட்டதும் மலாயாவில் அவசரகாலம் பிரகடனமானது. கம்யூனிஸ்ட் கொரில்லாக்களைத் தேடிப் படைகள் தோட்டங்களுக்குள் வந்தன.

டிசம்பர் 11 அன்று, ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படையைச் சேர்ந்த ரோந்துக்குழு ஒன்று இரண்டு சார்ஜென்ட்களின் தலைமையில் சுங்கை ரெமோக் தோட்டத்துக் குடியிருப்புக்குள் நுழைந்தது. ஆண்களைத் தனியாகவும் பெண்கள், பிள்ளைகளைத் தனியாகவும் பிரித்தார்கள். சுடப்போவதுபோல் பாவனை காட்டி விசாரித்தார்கள். அன்றே ஓர் இளைஞர் சுட்டுக் கொல்லப்பட்டார். மறுநாள் காலை பெண்களையும் பிள்ளைகளையும் லாரியில் ஏற்றினார்கள். கொங்சி எனப்படும் தொழிலாளர் கொட்டகையில் அடைத்து வைக்கப்பட்டிருந்த ஆண்களில் 23 பேர் அடுத்த சில நிமிடங்களில் சுடப்பட்டு இறந்தார்கள். மயங்கி விழுந்த ஒருவர் மட்டும் இறந்துவிட்டதாக எண்ணப்பட்டு உயிர் பிழைத்தார். குடியிருப்புக்குத் தீ வைக்கப்பட்டது. ஆயுதம் எதுவும் கிடைக்கவில்லை.

அரசு சொன்ன விளக்கம் ஒன்றுதான்: தப்பி ஓட முயன்றார்கள், சுட வேண்டியதாயிற்று.

கொல்வதற்கான அனுமதி எங்கே தொடங்கி எங்கே முடிகிறது?

சாதாரண மனிதன் செய்தால் கொலையாகும் செயலைப் படைவீரன் போரில் செய்தால் குற்றமாகாது. இதைப் போராளிக்கான சட்டப் பாதுகாப்பு என்பார்கள். இரு நாடுகளின் போரில், சீருடை அணிந்த படைவீரன் எதிரிப் படைவீரனைக் கொன்றதற்காக அவன்மேல் கொலை வழக்குப் போட முடியாது. இந்தப் பாதுகாப்புக்கு எல்லைகள் உண்டு:

1. எதிரே இருப்பவர் எதிரிப் படையாளாகவோ, நேரடியாகச் சண்டையில் ஈடுபட்டவராகவோ இருக்கவேண்டும். எதிரிக்கு அரிசி கொடுத்தார் என்ற சந்தேகம் மட்டும் ஒருவரைக் குறியாக்காது.

2. பிடிபட்டவர், சரணடைந்தவர், காயம்பட்டு விழுந்தவர் ஆகியோர் படைவீரராகவே இருந்தாலும், அந்த நொடியிலிருந்து அவரைக் கொல்லும் அனுமதி இல்லை.

3. யாரென்று தெரியாவிட்டால் பொதுமக்களில் ஒருவராகவே கருதவேண்டும். இது 1977இல் சேர்க்கப்பட்ட ஜெனீவா கூடுதல் நெறிமுறையில் எழுத்தாகவே இருக்கிறது.

மலேசியர்களுக்கு அண்மைய உதாரணம், உக்ரைன் வானில் சுட்டு வீழ்த்தப்பட்ட மலேசிய விமானம் எம்.எச்.17. 43 மலேசியர் உட்பட 298 பேர் இறந்த அந்த வழக்கில், 2022 நவம்பரில் நெதர்லாந்து நீதிமன்றம் மூவரை அவர்கள் நேரில் இல்லாமலேயே குற்றவாளிகள் என்று தீர்ப்பளித்தது. போராளிக்கான சட்டப் பாதுகாப்பு அவர்களுக்குக் கிடையாது என்பதால், அது சாதாரணக் கொலை வழக்காகவே நடந்தது.

இனி பத்தாங் காலிக்கு வருவோம். ஜெனீவா ஒப்பந்தங்கள் கையெழுத்தானது 1949 ஆகஸ்ட் 12 அன்று, அதாவது படுகொலைக்கு எட்டு மாதம் கழித்து. அதனால் அப்போது அது குற்றமே இல்லை என்று வாதிடுவோர் உண்டு. வாதம் தவறு. பிரிட்டன் மலாயாவில் நடப்பதைப் போர் என்று அறிவிக்கவில்லை. போர் இல்லையென்றால் போராளிக்கான பாதுகாப்பும் இல்லை. அங்கே வந்த வீரர், சட்டத்தின் கண்ணில், காவல்துறைக்கு உதவியாக வந்த ஆயுதம் தாங்கிய மனிதர். அவருக்குப் பொருந்தியது ஊர்ச் சட்டம். இந்தியத் தண்டனைச் சட்டத்தைப் பின்பற்றி எழுதப்பட்ட மலாயாத் தண்டனைச் சட்டத்தில் கொலை என்பதற்கு விளக்கமும் தண்டனையும் தெளிவாகவே இருந்தன. பிடித்து அடைத்து வைத்த ஆளைச் சுட்டுக் கொல்வது கொலை என்று சொல்ல ஜெனீவா ஒப்பந்தம் தேவையே இல்லை.

"மேலிடத்து உத்தரவு"

மிக அதிகமாகச் சொல்லப்படும் காரணமும் மிகத் தவறாகப் புரிந்துகொள்ளப்படும் காரணமும் இதுதான்.

மலேசியத் தண்டனைச் சட்டத்தின் 76ஆம் பிரிவு, சட்டத்தால் கட்டுப்பட்டுச் செய்த செயல் குற்றமாகாது என்கிறது. அதற்கு உதாரணமாக ஒரு படைவீரனையே காட்டுகிறது: மேலதிகாரியின் உத்தரவுப்படி, சட்டத்தின் கட்டளைக்கு இணங்க, ஒரு கும்பலை நோக்கிச் சுடும் வீரன் குற்றம் செய்தவன் ஆகான். பலர் முதல் பாதியோடு நிறுத்திவிடுகிறார்கள். "சட்டத்தின் கட்டளைக்கு இணங்க" என்பதில்தான் முழுப் பாரமும் இருக்கிறது. உத்தரவு மட்டும் போதாது, உத்தரவே சட்டத்துக்குள் இருக்கவேண்டும். அதே பிரிவு இன்னொன்றையும் பிரிக்கிறது. நடந்த விஷயத்தைத் தவறாகப் புரிந்துகொண்டவனுக்கு மன்னிப்பு உண்டு. சட்டம் இதை அனுமதிக்கிறது என்று தவறாக நினைத்தவனுக்கு இல்லை. இருட்டில் ஓடியவரின் கையில் துப்பாக்கி இருப்பதாக உண்மையிலேயே நம்பிச் சுட்ட வீரனும், கைதிகளைச் சுடலாம் என்று அதிகாரி சொன்னதை நம்பிச் சுட்ட வீரனும் சட்டத்தின்முன் ஒன்றல்ல.

உலக அளவில் இந்தக் கொள்கை வளர்ந்த பாதையும் தெரிந்துகொள்ள வேண்டியது. இரண்டாம் உலகப் போர் தொடங்கியபோது பிரிட்டிஷ் ராணுவச் சட்டக் கையேடு, உத்தரவின்படி நடந்த வீரர்கள் போர்க்குற்றவாளிகள் ஆகமாட்டார்கள் என்றுதான் சொன்னது. 1944இல் பிரிட்டனே அதைத் திருத்தி, நேர் எதிராக மாற்றி எழுதியது. ஜெர்மானியர்களையும் ஜப்பானியர்களையும் விசாரிக்கும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. 1945இல், நாஜித் தலைவர்களை விசாரித்த நியூரம்பெர்க் நீதிமன்றத்தின் சாசனம், உத்தரவு பொறுப்பிலிருந்து விடுவிக்காது, தண்டனையைக் குறைக்க மட்டும் கருதப்படலாம் என்று விதித்தது.

அந்த விதி நம் வட்டாரத்திலேயே செயல்படுத்தப்பட்டது. 1942இல் சிங்கப்பூரில் ஜப்பானியர் நடத்திய சூக் சிங் படுகொலைக்காக, 1947இல் பிரிட்டிஷ் ராணுவ நீதிமன்றம் ஏழு ஜப்பானிய அதிகாரிகளை விசாரித்தது. உத்தரவு மேலிருந்து வந்தது என்ற அவர்களின் வாதம் அவர்களை விடுவிக்கவில்லை. எழுவரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பாகி, இருவர் தூக்கிலிடப்பட்டனர், ஐவருக்கு ஆயுள் தண்டனை. அந்தத் தூக்கு 1947 ஜூனில். பத்தாங் காலி அதற்கு ஒன்றரை ஆண்டு கழித்து. சீனப் பொதுமக்களைக் கொன்ற ஜப்பானியருக்கு எந்தச் சட்டத்தைப் பிரிட்டன் பொருத்தியதோ, அதே சட்டம் தன் வீரர்களுக்கும் பொருந்தும் என்பது லண்டனுக்குத் தெரியாமல் இருந்திருக்க முடியாது.

இன்று, அனைத்துலகக் குற்றவியல் நீதிமன்றத்தை அமைத்த ரோம் சாசனத்தின் 33ஆம் பிரிவு இதைத் துல்லியமாக்குகிறது. உத்தரவைக் காரணம் காட்டித் தப்ப மூன்று நிபந்தனைகளும் ஒருசேர நிறைவேறவேண்டும்:

1. கீழ்ப்படியும் சட்டக் கடமை அவருக்கு இருந்தது.
2. உத்தரவு சட்டவிரோதம் என்று அவருக்குத் தெரியாது.
3. அது பார்த்தவுடன் தெரிகிற சட்டவிரோதமாக இல்லை.

இனப்படுகொலையும் மானுடத்துக்கு எதிரான குற்றமும் எப்போதுமே பார்த்தவுடன் தெரிகிற சட்டவிரோதம் என்று அந்தப் பிரிவே முடித்துவிடுகிறது.

மூன்றாவது நிபந்தனைக்குப் புகழ்பெற்ற விளக்கம் இஸ்ரேலின் கஃபர் காசிம் வழக்கில் கிடைத்தது. 1956 அக்டோபர் 29 அன்று அரபுக் கிராமங்களில் ஊரடங்கு நேரத்தைத் திடீரென்று முன்னுக்குத் தள்ளினார்கள். வெளியே வேலைக்குப் போனவர்களுக்கு அது தெரியாது. வேலை முடிந்து மாலையில் வீடு திரும்பிய ஏறத்தாழ ஐம்பது பேரை, பெண்களும் பிள்ளைகளும் உட்பட, எல்லைக் காவல்படையினர் சுட்டுக் கொன்றார்கள். சில உத்தரவுகளின்மேல் கறுப்புக்கொடி பறப்பதுபோல் அவற்றின் சட்டவிரோதம் கண்ணை உறுத்தும், அவற்றுக்குக் கீழ்ப்படியக்கூடாது என்று நீதிமன்றம் சொன்னது.

அந்தத் தீர்ப்பைவிட முக்கியமான ஒன்று அந்த மாலையிலேயே நடந்திருக்கிறது. அதே உத்தரவு பக்கத்துக் கிராமங்களுக்கும் போனது. அங்கிருந்த அதிகாரிகள் அதை நிறைவேற்றவில்லை, திரும்பிவந்த மக்களை வீட்டுக்குப் போகவிட்டார்கள். அதே படை, அதே பயிற்சி, அதே நாள். வேறு வழியே இல்லை என்ற வாதத்துக்கு இதைவிட நேரான பதில் கிடையாது. ஆனால் அந்த வழக்கின் முடிவு வருத்தம் தருவது. தண்டனைகள் படிப்படியாகக் குறைக்கப்பட்டு எல்லாரும் சில ஆண்டுகளில் வெளியே வந்தார்கள். உத்தரவின் மூலமாக இருந்த படைத்தலைவருக்கு ஒரு காசு அபராதம்.

"மறுத்தால் என்னையே சுட்டிருப்பார்கள்"

உத்தரவுக்கும் உயிர்ப்பயத்துக்கும் வேறுபாடு உண்டு. மறுத்தால் சம்பளம் போகும், சிறைக்குப் போவோம் என்பது உயிர்ப்பயம் அல்ல. அந்த இடத்திலேயே கொல்லப்படுவோம் என்பதுதான் சட்டம் பேசும் கட்டாயம்.

மலேசியத் தண்டனைச் சட்டத்தின் 94ஆம் பிரிவு, உடனடி மரண பயத்தால் செய்த குற்றத்தைப் பொதுவாக மன்னிக்கிறது. ஆனால் அந்தப் பிரிவு தொடங்குவதே "கொலையைத் தவிர" என்றுதான். தன் உயிரைக் காக்க இன்னொரு நிரபராதியின் உயிரை எடுக்க நம் சட்டம் அனுமதிப்பதில்லை.

இந்தக் கோடு எவ்வளவு கடுமையானது என்பதை எர்தெமோவிச் வழக்கு காட்டியது. 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனித்சாவில் பிடிபட்ட போஸ்னிய முஸ்லிம் ஆண்களை ஒரு பண்ணையில் வைத்துக் கூட்டம் கூட்டமாகச் சுட்ட குழுவில் அவர் ஒருவர். முதலில் மறுத்ததாகவும், "பரிதாபமாக இருந்தால் நீயும் வரிசையில் போய் நில், உன்னையும் சுடுகிறோம்" என்ற பொருளில் மிரட்டப்பட்டதாகவும் அவரே முன்வந்து சொன்னார். யூகோஸ்லாவியா போர்க்குற்ற நீதிமன்றத்தின் மேல்முறையீட்டு அமர்வு 1997இல் மூன்றுக்கு இரண்டு என்று பிரிந்தது. நிரபராதிகளைக் கொன்றதற்கு உயிர்ப்பயம் முழு விடுதலை தராது, தண்டனையைக் குறைக்கலாம் என்று பெரும்பான்மை முடிவு செய்தது. அவருக்கு ஐந்தாண்டுச் சிறை. ரோம் சாசனம் பின்னர் இதைச் சற்றுத் தளர்த்தி, தவிர்க்க நினைத்த தீங்கைவிடப் பெரிய தீங்கை விளைவிக்கும் எண்ணம் இல்லாதிருந்தால் கட்டாயம் என்பதை ஏற்கலாம் என்றது.

எர்தெமோவிச்சுக்குக் கிடைத்த ஐந்தாண்டு நியாயமானது என்றே தோன்றுகிறது. செத்திருக்கவேண்டும் என்று அவரிடம் யாரும் எதிர்பார்க்க முடியாது. ஆனால் நடந்தது குற்றமே இல்லை என்று இறந்தவர்களின் குடும்பத்திடமும் சொல்ல முடியாது. பத்தாங் காலியில் அப்படியொரு மிரட்டல் இருந்ததா என்பது விசாரித்தால்தான் தெரியும். அந்த வாய்ப்பு யாருக்கும் தரப்படவில்லை.

பொறுப்பு மேலே போகும் வழி

சுட்டவனோடு பொறுப்பு நிற்பதில்லை. தன் கீழுள்ளவர்கள் குற்றம் செய்கிறார்கள் என்று அறிந்தும், அல்லது அறிந்திருக்கவேண்டிய நிலையில் இருந்தும், தடுக்காத, தண்டிக்காத தளபதியும் குற்றவாளியே. மலாயாவைப் பிடித்த ஜெனரல் யமாஷிதா, பிலிப்பீன்ஸில் தன் படையினர் செய்த கொடுமைகளுக்காக 1946 பிப்ரவரியில் தூக்கிலிடப்பட்டார். அந்தக் கோட்பாட்டுக்கு வழிகாட்டிய வழக்கு அது. இன்று அது ரோம் சாசனத்தின் 28ஆம் பிரிவு.

நடைமுறையிலோ பாரம் பெரும்பாலும் கீழே இறங்குகிறது. இரண்டாம் உலகப் போரின்போது, சயாமையும் பர்மாவையும் இணைக்கும் ரயில்பாதை வேலைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்களை ஜப்பானியர் கொண்டுபோனார்கள். காலராவிலும் பட்டினியிலும் இறந்தவர்கள் போக மீதிப் பேர்தான் திரும்பினார்கள். போருக்குப் பின் நடந்த வழக்குகளின் கவனம் பெரும்பாலும் வெள்ளைக்காரப் போர்க்கைதிகள்மேல் இருந்தது, ஆசியத் தொழிலாளர்களின் சாவு ஓரத்தில்தான் இடம் பெற்றது. தண்டிக்கப்பட்டவர்களிலும் முகாம்களில் காவல் நின்ற கொரியர்கள் பலர். ஜப்பானின் குடியேற்ற நாட்டிலிருந்து வந்த கடைநிலை ஆட்கள் அவர்கள். நேச நாடுகளின் நீதிமன்றங்களில் மொத்தம் 148 கொரியர்கள் தண்டிக்கப்பட்டு, 23 பேர் மரண தண்டனை பெற்றார்கள். அவர்கள் அடித்தது உண்மை, தண்டனையும் பிழையல்ல. ஆனால் பாதையை இத்தனை மாதத்தில் முடி என்று கணக்குப் போட்டவர்கள் எல்லாரும் கூண்டில் ஏறவில்லை.

பத்தாங் காலியில் சட்டம் நழுவிய இடங்கள்

தேதி வரிசையில் பார்த்தால் எது எங்கே உடைந்தது என்று புரியும்.

1. 1948–49, முதல் வாரங்கள். மலாயாவின் தலைமைச் சட்ட அதிகாரி ஒரு விசாரணை நடத்தி, குற்றம் ஏதுமில்லை என்று முடித்தார். வெளிப்படையான மரண விசாரணை இல்லை. முன்கூட்டியே திட்டமிட்ட தப்பியோடும் முயற்சி, சுடாவிட்டால் தப்பியிருப்பார்கள் என்று 1949 ஜனவரியில் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்குச் சொல்லப்பட்டது.

2. 1949 ஜனவரி, 27ஏ விதி. சாதாரணச் சட்டப்படி, கைதிலிருந்து தப்பி ஓடுகிறவரைக் கொல்லும் அதிகாரம் மிகக் குறுகியது. கடும் குற்றம் சாட்டப்பட்டவராக இருந்தால் மட்டுமே அது எழும். படுகொலைக்கு அடுத்த மாதம், தப்பி ஓடுவதைத் தடுக்க உயிர்க்கொல்லி ஆயுதத்தைப் பயன்படுத்தலாம் என்று அவசரகால விதிகளில் 27ஏ சேர்க்கப்பட்டது. முன்பே செய்த செயல்களுக்கும் அது பொருந்தும் என்று எழுதப்பட்டது. செய்தது சட்டப்படி சரி என்று நம்பியிருந்தால், பின்னோக்கிச் செல்லும் விதி எதற்கு?

3. 1970. ஒரு பிரிட்டிஷ் செய்தித்தாள் விஷயத்தை வெளிக்கொண்டுவந்தது. அன்றைய ரோந்துக்குழுவில் இருந்த சிலர், தப்பி ஓடியதாகச் சொன்னது பொய், உத்தரவின்பேரில் சுட்டோம் என்று சத்தியப் பிரமாண வாக்குமூலம் கொடுத்தார்கள். ஸ்காட்லாந்து யார்ட் விசாரணை தொடங்கியது. அந்த ஜூனில் ஆட்சி மாறியது. போலீசார் மலேசியாவுக்கு வந்து உயிர் பிழைத்தவர்களைக் கேட்பதற்கு முன்பே, போதிய சான்று கிடைக்க வாய்ப்பில்லை என்று விசாரணை நிறுத்தப்பட்டது. சாட்சிகளைக் கேட்காமலேயே சாட்சியம் போதாது என்றார்கள்.

4. 1993–97. குடும்பத்தினரின் மனுவுக்குப் பின் மலேசியப் போலீஸ் விசாரித்தது. இங்கே இருந்த சாட்சிகளிடம் வாக்குமூலம் வாங்கினார்கள். சுட்டவர்கள் இருந்தது பிரிட்டனில். 1997இல் கோப்பு மூடப்பட்டது.

நான்கையும் சேர்த்துப் பார்த்தால், 1970இல் பிரிட்டனிடம் வீரர்கள் இருந்தார்கள், சாட்சிகள் இல்லை. 1993இல் மலேசியாவிடம் சாட்சிகள் இருந்தார்கள், வீரர்கள் இல்லை. இரண்டும் ஒரே மேசைக்கு வரவே இல்லை.

அதே வட்டாரத்தில் அதே காலத்தில் சட்டம் எவ்வளவு வேகமாக நடக்க முடிந்தது என்பதும் தெரியவேண்டும். தொழிற்சங்கத் தலைவர் எஸ்.ஏ. கணபதி 1949 மார்ச்சில் ரவாங் அருகே கைத்துப்பாக்கியுடன் பிடிபட்டார். மே 4 அன்று புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். ஆயுதம் வைத்திருந்த குற்றத்துக்குக் கைது முதல் தூக்குவரை எல்லாமே சில வாரங்களில் முடிந்தன. ஆக, 24 பேரின் சாவைக் கவனிக்க நீதிமன்றங்களுக்கு நேரமில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

2015 தீர்ப்பு உண்மையில் என்ன சொன்னது?

குழப்பத்தின் மையம் இது. இறந்தவர்களின் குடும்பத்தினர் லண்டனில் தொடுத்தது கொலை வழக்கு அல்ல. பொது விசாரணை நடத்த பிரிட்டிஷ் அரசு மறுத்தது செல்லுமா என்பதுதான் வழக்கு. 2012இல் முதல் நீதிமன்றம், 24 பேரையும் திட்டமிட்டுக் கொன்றதை ஆதரிக்கும் சான்று இருக்கிறது என்று ஏற்றுக்கொண்டது. ஆனாலும் விசாரணை நடத்து என்று அரசைக் கட்டாயப்படுத்த மறுத்தது. 2014இல் மேல்முறையீட்டிலும், 2015 நவம்பர் 25 அன்று உச்ச நீதிமன்றத்திலும் அதே முடிவு. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் நால்வர் ஒருபக்கம், நீதிபதி ஹேல் சீமாட்டி ஒருவர் மட்டும் மாறுபட்டார். அரசு மறுத்த விதமே நியாயமற்றது என்பது அவர் கருத்து.

பெரும்பான்மையின் காரணம் காலக்கணக்கு. சாவை விசாரிக்கும் கடமையை ஐரோப்பிய மனித உரிமை ஒப்பந்தம் அரசுகள்மேல் சுமத்துகிறது. ஆனால் தனிமனிதர் பிரிட்டன்மீது ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்தில் முறையிடும் உரிமை வந்தது 1966 ஜனவரியில். சாவுக்கும் அந்தத் தேதிக்கும் இடையில் பத்தாண்டுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது ஐரோப்பிய நீதிமன்றம் வகுத்த அளவு. இங்கே 17 ஆண்டு. 2018இல் ஸ்ட்ராஸ்பூர்கிலுள்ள அந்த ஐரோப்பிய நீதிமன்றமும் மனுவை ஏற்க மறுத்தது.

கொலைக்குக் காலாவதி இல்லை, சரி. ஆனால் விசாரிக்கச் சொல்லி அரசைக் கட்டாயப்படுத்தும் உரிமைக்குக் காலாவதி இருக்கிறது. ஆகவே கொலை நடக்கவில்லை என்று எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. தாமதப்படுத்திய அரசுக்கே தாமதம் சாதகமாக முடிந்தது என்பதுதான் இந்தத் தீர்ப்புகளின் விளைவு, அதை ஏற்க மனம் மறுக்கிறது.

வழக்கு இல்லாவிட்டாலும் நிற்கும் கடன்

சட்டப் பொறுப்பும் அறப் பொறுப்பும் ஒன்றல்ல. சட்டம் கேட்பது: சான்று இருக்கிறதா, எந்தப் பிரிவு, என்ன தண்டனை. அறம் கேட்பது: நீ செய்தது உனக்குத் தெரியுமே, அதற்குப் பிறகு என்ன செய்தாய்?

சூழ்நிலையை மறந்துவிடக்கூடாது. மொழி தெரியாத நாட்டில், காட்டோரத்தில், பயத்தோடு நின்ற இளைஞர்கள் அவர்கள். இது தண்டனையைக் குறைக்கலாம். குற்றத்தைக் கரைக்காது, ஏனென்றால் முதல் நாள் இரவு முழுக்க அந்த ஆண்கள் கொங்சிக்குள் பூட்டிக் கிடந்தார்கள். யோசிக்க ஓர் இரவு இருந்தது.

1968 மார்ச் 16 அன்று வியட்நாமின் மை லாய் கிராமத்தில் அமெரிக்கப் படையினர் பொதுமக்களைக் கொன்றுகொண்டிருந்தபோது, ஹெலிகாப்டர் ஓட்டி ஹியூ தாம்சன் தன் நாட்டு வீரர்களுக்கும் கிராமத்தாருக்கும் நடுவில் ஹெலிகாப்டரை இறக்கினார். சிலரைக் காப்பாற்றினார், மேலிடத்தில் புகாரும் செய்தார். அந்தப் படுகொலைக்காகத் தண்டிக்கப்பட்டவர் லெப்டினன்ட் காலி ஒருவர் மட்டுமே. ஆயுள் தண்டனை குறைந்துகொண்டே வந்து, பெரும்பாலும் வீட்டுக் காவலில் சில ஆண்டுகளோடு முடிந்தது. ஆனால் தாம்சன் சொன்னது பதிவாகிவிட்டது, மறைக்க முடியவில்லை.

பத்தாங் காலி வீரர்களில் சிலர் 1970இல் பேசினார்கள். இருபது ஆண்டு தாமதம், ஆனாலும் அது பெரிய காரியம். அவர்கள் பேசாமல் போயிருந்தால், தப்பி ஓடியவர்கள் என்ற பழியோடுதான் அந்தத் தொழிலாளர்களின் பெயர் வரலாற்றில் இருந்திருக்கும். தண்டிக்க யாரும் இல்லாத நிலையிலும் ஒரு படைவீரனால் அடைக்கக்கூடிய கடன் உண்மையைச் சொல்வது. சொல்லாமலே இறந்துபோனவர்கள் அதை அடைக்கவில்லை.

தீர்ப்பு வந்தாலே எல்லாம் முடிந்துவிடும் என்றும் இல்லை. யாழ்ப்பாண மாவட்டம் மிருசுவிலில் 2000 டிசம்பரில் எட்டுத் தமிழர்கள், குழந்தைகள் உட்பட, கொல்லப்பட்ட வழக்கில் இலங்கை ராணுவத்தின் சுனில் ரத்நாயக்கவுக்கு 2015இல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. 2019இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 2020 மார்ச்சில் அதிபர் கோத்தபாய ராஜபக்ச அவருக்கு மன்னிப்பு வழங்கி விடுவித்தார். வழக்கு, சான்று, மேல்முறையீடு எல்லாம் முறையாக நடந்தும் ஒரு கையெழுத்தில் போனது.

மலேசியாவின் கையில் இன்று இருப்பவை

நம் நாட்டில் 1962ஆம் ஆண்டு ஜெனீவா ஒப்பந்தச் சட்டம் இருக்கிறது. அந்த ஒப்பந்தங்களை மோசமாக மீறியவர் எந்த நாட்டவராக இருந்தாலும், எங்கே செய்திருந்தாலும் இங்கே விசாரிக்க அது வழி தருகிறது. அனைத்துலகக் குற்றவியல் நீதிமன்றத்தில் மலேசியா 2019 மார்ச்சில் சேர்ந்து, அடுத்த மாதமே விலகுவதாக அறிவித்தது. சேர்ந்திருந்தாலும் பத்தாங் காலிக்கு உதவியிருக்காது. அந்த நீதிமன்றத்தின் அதிகாரம் 2002 ஜூலைக்குப் பிந்தைய குற்றங்களுக்கு மட்டுமே.

பத்தாங் காலிக்குப் பொருந்தக்கூடியது அவற்றைவிடச் சாதாரணமான ஒரு சட்டம். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 339ஆம் பிரிவு, ஒருவரின் மரணத்துக்கான காரணத்தையும் சூழ்நிலையையும் விசாரிக்கும்படி மாஜிஸ்திரேட்டுக்கு அரசுத் தலைமை வழக்கறிஞர் எந்த நேரத்திலும் உத்தரவிடலாம் என்கிறது. மரண விசாரணையில் குற்றவாளி உயிரோடு இருக்கவேண்டிய அவசியம் இல்லை, தண்டனையும் இல்லை. யார், எப்போது, எப்படி, யார் கையால் இறந்தார் என்பதற்குப் பதில் எழுதுவதே அதன் வேலை. 1948இல் நடந்திருக்கவேண்டியதும் அதுதான். 1970 வாக்குமூலங்கள் இருக்கின்றன, 1990களில் நம் போலீசார் எடுத்த சாட்சியங்கள் இருக்கின்றன, லண்டன் நீதிமன்றங்கள் தொகுத்த ஆவணங்களும் இருக்கின்றன. சுங்கை ரெமோக் தோட்டம் சிலாங்கூரில் இருப்பதால், அந்த 24 பேருக்கும் மரண விசாரணை கேட்கும் மனு லண்டனுக்குப் போகவேண்டியதில்லை, புத்ராஜெயாவில் இருக்கும் அரசுத் தலைமை வழக்கறிஞரிடம் போனால் போதும்.